வீட்டில் செய்யும் இனிப்பு அச்சார்

தீபாவளிக்கு இன்னும் இரண்டே நாள். ஒரு வீட்டில் விருந்துக்கான ஏற்பாடுகள் மும்முரமாக நடக்கின்றன. மூன்று வாரங்களுக்கு முன்பே செய்து அலமாரியில் எடுத்து வைத்திருந்த அச்சார் போத்தலை அம்மா திறக்கிறார். புளிப்பும் இனிப்பும் கலந்த மணம் வந்திருக்க வேண்டும். ஆனால், வந்ததோ மூக்கைச் சுளிக்க வைக்கும் வாடை. உள்ளே பார்த்தால், அச்சாரின்மேல் வெள்ளையும் சாம்பலுமாகப் பூஞ்சணம் படர்ந்திருக்கிறது. அடுத்த இரு போத்தல்களும் அப்படியே. ஒரு நாள் முழுவதும் பாடுபட்டுச் செய்த மூன்று போத்தல் அச்சாரும் குப்பைக்குப் போகின்றன.

“பாட்டி காலத்தில் ஒருமுறைகூட இப்படி ஆனதில்லையே!” என்று அம்மா வருந்துகிறார். பாட்டியின் செய்முறையைத்தான் அவரும் பின்பற்றினார். செய்தது ஒரே ஒரு மாற்றம்தான். அவ்வாண்டு அப்பாவுக்கு நீரிழிவு நோய் இருப்பது தெரியவந்ததால், சீனியைப் பாதியாகக் குறைத்தார். சீனி குறைந்ததும் அச்சார் மிகவும் புளித்தது. புளிப்பைத் தணிக்க வினிகரையும் பாதியாகக் குறைத்து, அந்த இடத்தில் தண்ணீரை ஊற்றினார். சுவைத்துப் பார்த்தபோது எல்லாம் சரியாகவே இருந்தது. ஆனால், அக்கறையோடு செய்த அந்த மாற்றமே அச்சாரைக் கெடுத்துவிட்டது.

இத்தகைய அனுபவம் எந்த வீட்டிலும் நேரக்கூடியதே. அச்சாரில் சேரும் ஒவ்வொரு பொருளும் சுவைக்காக மட்டும் சேர்க்கப்படுவதில்லை. அதற்கென ஒரு வேலையும் உண்டு. எந்தப் பொருளின் அளவை மாற்றலாம், எதை மாற்றக்கூடாது என்பதை அறிந்துகொண்டால், வீட்டிலேயே சுவையான, பாதுகாப்பான அச்சாரை நாமே செய்யலாம்.

ஊறுகாயும் அச்சாரும்

‘ஊறுகாய்’ என்பது வினைத்தொகைக்கு நம் ஆசிரியர்கள் வழக்கமாகக் காட்டும் எடுத்துக்காட்டு. ஊறிய காய், ஊறுகின்ற காய், ஊறும் காய் என மூன்று காலத்தையும் அச்சொல் தன்னுள் அடக்கியிருக்கிறது. பெயருக்கு ஏற்றாற்போல், ஊறுகாயின் சுவையைத் தீர்மானிப்பதும் காலமே. இன்று ஊறவைத்த காய் நாளை வேறு சுவை தரும். அடுத்த வாரம் இன்னொரு சுவை தரும்.

காய்களையும் பழங்களையும் ஊறவைத்துப் பாதுகாக்கும் வழக்கம் மிகப் பழமையானது. 14ஆம் நூற்றாண்டில் இந்தியாவில் பயணம் செய்த இபுன் பத்தூத்தா, அங்குள்ள மக்கள் மாங்காய், இஞ்சி, மிளகு ஆகியவற்றை உப்பில் ஊறவைத்து உணவோடு சேர்த்து உண்பதைத் தம் பயணக் குறிப்பில் எழுதியிருக்கிறார். மிளகாய் அப்போது இந்தியாவுக்கு வந்திருக்கவில்லை. அமெரிக்கக் கண்டத்தைச் சேர்ந்த மிளகாய், பின்னர்தான் போர்த்துகீசியர் வழியாக ஆசியாவை அடைந்தது.

‘அச்சார்’ என்னும் சொல் பாரசீக மொழியிலிருந்து பரவியது. இந்தியாவின் பல மொழிகளிலும் மலாய் மொழியிலும் அது இன்றும் வழங்குகிறது. மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் அச்சார் என்றால், பெரும்பாலும் இனிப்பு, புளிப்பு, காரம் ஆகிய மூன்றும் கலந்த ஊறுகாயையே குறிக்கும். மலாய்க்காரர்களின் விருந்துகளில் நெய்ச்சோற்றுடன் பரிமாறப்படும் பழ அச்சார், உலர்ந்த பழங்களைக் கொண்டு தித்திப்பாகச் செய்யப்படுகிறது. நோன்யா சமையலில் வெள்ளரிக்காய், கேரட், முட்டைக்கோஸ், அன்னாசி ஆகியவற்றை அரைத்த மசாலாவுடன் கலந்து, மேலே வறுத்த நிலக்கடலையும் எள்ளும் தூவுவார்கள். நம் வீடுகளில் பிரியாணிக்கும் நெய்ச்சோற்றுக்கும் துணையாக வெள்ளரி, அன்னாசி அச்சார் இடம்பெறுகிறது.

கடல் கடந்த உறவும் இந்த அச்சாருக்கு உண்டு. ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்தில் நம் வட்டாரத் தீவுகளிலிருந்து இலங்கைக்குக் கொண்டு செல்லப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள் அங்கு ‘மலாயர்’ என அழைக்கப்படுகின்றனர். சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், பேரீச்சம்பழம் ஆகியவற்றைக் கடுகு, வினிகர், சீனி சேர்த்து ஊறவைக்கும் ‘மலாய் அச்சாறு’ இலங்கையில் இன்றும் புகழ்பெற்ற உணவாக விளங்குகிறது.

உணவு ஏன் கெடுகிறது?

நறுக்கிய வெள்ளரிக்காயை மேசைமீது வைத்துவிட்டால் மறுநாளே அது குழைந்து நாறத் தொடங்கும். காற்றிலும் நம் கைகளிலும் காயின் தோலிலும் உள்ள பாக்தீரியா, ஈஸ்ட், பூஞ்சணம் ஆகிய நுண்ணுயிர்கள் அதைத் தமக்கு உணவாக்கிக் கொள்வதே காரணம். அவை பெருகுவதற்கு ஈரமும் ஏற்ற வெப்பமும் தேவை. ஆண்டு முழுவதும் வெப்பமும் ஈரப்பதமும் மிகுந்த நம் நாடுகளில் இவ்விரண்டுக்கும் பஞ்சமே இல்லை.

நுண்ணுயிர்களைத் தடுக்க நம் முன்னோர் மூன்று காவலர்களை நிறுத்தினர். அவை உப்பு, சீனி, புளிப்பு.

உப்பு, காயிலுள்ள நீரை வெளியே இழுக்கிறது. மென்சவ்வின் வழியே நீர் இவ்வாறு இடம் மாறுவதைச் சவ்வூடு பரவல் என்று அறிவியல் பாடத்தில் படித்திருப்பீர்கள். நுண்ணுயிரின் உடலில் உள்ள நீரும் இப்படியே வெளியேறுவதால், அது வளர முடியாமல் போகிறது. தமிழ்நாட்டில் கோடைக் காலத்தில் போடப்படும் ஆவக்காய், எலுமிச்சை ஊறுகாய்களில் தலைமைக் காவலர் உப்புதான். அங்கு வெயிலும் அதற்குத் துணை நிற்கிறது. பிற்பகலில் எந்த நேரத்திலும் மழை கொட்டக்கூடிய நம் நாடுகளில், பல நாள்கள் தொடர்ந்து வெயிலில் உலர்த்துவதை நம்பியிருக்க முடியாது.

சீனியும் உப்பைப் போன்றே நீரைத் தன் வசப்படுத்திக் கொள்கிறது. ஆனால், சீனி தனியாகக் காவல் காக்க வேண்டுமென்றால் அது மிக அதிக அளவில் இருக்க வேண்டும். பழக்கூழில் பாதிக்கும் மேல் சீனியாக இருப்பது இதனால்தான். பினாங்கில் விற்கப்படும் சாதிக்காய்ப் பழத்தின் சதையைச் சீனியில் ஊறவைத்து உலர்த்துவதும் இதே முறையைச் சார்ந்தது.

மூன்றாவது காவலர் புளிப்பு, அதாவது அமிலம். வினிகரில் உள்ள அசிட்டிக் அமிலம், பெரும்பாலான பாக்தீரியாக்களை வளரவிடாது. ஓர் உணவின் அமிலத்தன்மையைப் பி.எச். அளவால் குறிப்பர். அந்த எண் குறையக் குறைய அமிலத்தன்மை கூடும். பி.எச். அளவு 4.6 அல்லது அதற்கும் கீழே இருந்தால், கிளாஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்னும் கொடிய பாக்தீரியாவால் வளர்ந்து நஞ்சை உண்டாக்க முடியாது. காற்றுப் புகாத போத்தலிலும் வளரக்கூடிய அந்தப் பாக்தீரியாவின் நஞ்சு நரம்புகளைத் தாக்கும். அதை மணத்தாலோ சுவையாலோ கண்டறிய இயலாது. எனவே, ஊறவைத்த உணவுகளில் அமிலத்தின் அளவைக் குறைப்பது சுவையை மட்டும் பாதிக்கும் செயலன்று, உயிரோடு தொடர்புடையது.

இனி, தொடக்கத்தில் கண்ட அம்மாவின் அச்சாருக்கு வருவோம். அதில் இருந்த சீனி, பழக்கூழில் இருக்கும் அளவுக்கு என்றுமே இருந்ததில்லை. ஆகவே, அந்த அச்சாரைக் காத்துவந்தது சீனியன்று, வினிகர்தான். வினிகரின் கூர்மையான புளிப்பை நாக்கு ஏற்றுக்கொள்ளும்படி தணிப்பதே சீனியின் முதன்மையான வேலை. சீனியை மட்டும் குறைத்திருந்தால் அச்சார் புளித்திருக்குமே தவிர, இவ்வளவு விரைவில் கெட்டிருக்காது. வினிகரைக் குறைத்துத் தண்ணீரை ஊற்றியபோதுதான் காவல் தளர்ந்தது.

தேவையான பொருள்கள்

கீழ்க்காணும் அளவுகளில் செய்தால் ஏறத்தாழ ஒன்றரைக் கிலோ அச்சார் கிடைக்கும்.

ஊறவைக்க:
- வெள்ளரிக்காய் – 500 கிராம்
- கேரட் – 200 கிராம்
- அதிகம் கனியாத அன்னாசி – 300 கிராம்
- சின்ன வெங்காயம் – 100 கிராம்
- பச்சை மிளகாய் – 5
- உப்பு – 1 மேசைக்கரண்டி

மசாலாவிற்கு:
- காய்ந்த மிளகாய் – 10
- சின்ன வெங்காயம் – 100 கிராம்
- பூண்டு – 4 பல்
- இஞ்சி – கட்டைவிரல் அளவு
- மஞ்சள் தூள் – 1 தேக்கரண்டி
- கடுகு – 1 தேக்கரண்டி
- பட்டை – 1 துண்டு, கிராம்பு – 3, அன்னாசிப்பூ – 1
- எண்ணெய் – 4 மேசைக்கரண்டி

புளிப்புக்கும் இனிப்புக்கும்:
- 5 விழுக்காடு அமிலம் உள்ள வினிகர் – 250 மில்லிலிட்டர்
- சீனி – 200 கிராம்
- உப்பு – 1 தேக்கரண்டி

பரிமாறும்போது தூவ:
- வறுத்து இடித்த நிலக்கடலை – 100 கிராம்
- வறுத்த எள் – 2 மேசைக்கரண்டி

இவற்றோடு, காய்களை நனைத்தெடுக்கத் தனியாக 100 மில்லிலிட்டர் வினிகரும் தேவை. வினிகர் வாங்கும்போது போத்தலின்மேல் ஒட்டியுள்ள தாளைப் படித்துப் பாருங்கள். அதில் அமிலத்தின் விழுக்காடு குறிக்கப்பட்டிருக்கும்.

செய்முறை

முதலில் காய்களை நன்கு கழுவி, துடைத்துக் கொள்ள வேண்டும். வெள்ளரிக்காயை நீளவாக்கில் பிளந்து, நடுவிலுள்ள விதைப் பகுதியை நீக்கிவிட வேண்டும். அப்பகுதியில் நீர் மிகுதி. பிறகு வெள்ளரிக்காயையும் கேரட்டையும் சுண்டுவிரல் நீளத்திற்கு, ஒரே அளவாக நறுக்க வேண்டும். சில துண்டுகள் பெரிதாகவும் சில சிறிதாகவும் இருந்தால், எல்லாம் சமமாக ஊறா.

நறுக்கிய வெள்ளரி, கேரட்டின்மீது ஒரு மேசைக்கரண்டி உப்பைத் தூவிப் பிசிறி, இரண்டு மணி நேரம் வைக்கவும். பாத்திரத்தின் அடியில் தேங்கியிருக்கும் நீரைப் பார்த்தால் வியப்பாக இருக்கும். அந்த நீரை வடித்துவிட்டு, காய்களைத் தூய்மையான பருத்தித் துணியில் இட்டு மெல்லப் பிழியவும். இப்படிச் செய்யாவிட்டால், அந்த நீர் முழுவதும் பின்னர் போத்தலுக்குள் கசிந்து, வினிகரை நீர்த்துப்போகச் செய்யும். அம்மா கையால் ஊற்றிய தண்ணீரைப் போலவே, காயிலிருந்து கசியும் தண்ணீரும் அச்சாரைக் கெடுக்கும்.

அடுத்து, அரை லிட்டர் தண்ணீரில் தனியாக வைத்துள்ள 100 மில்லிலிட்டர் வினிகரைச் சேர்த்துக் கொதிக்கவிடவும். கேரட், உரித்த சின்ன வெங்காயம், காம்பு நீக்காமல் கீறிய பச்சை மிளகாய், வெள்ளரிக்காய் ஆகியவற்றைத் தனித்தனியே அதில் போட்டு, அரை நிமிடத்தில் அரித்தெடுக்கவும். இது காய்களை வேகவைப்பதற்காக அன்று. அவற்றின் மேற்பரப்பில் உள்ள நுண்ணுயிர்களைக் குறைப்பதற்காகவே. அதிக நேரம் விட்டால் காய் குழைந்து, மொறுமொறுப்பை இழந்துவிடும். எடுத்த காய்களைத் தட்டில் பரப்பி, மின்விசிறியின் கீழ் ஒரு மணி நேரம் உலரவிடவும். வெயில் இருந்தால் மெல்லிய துணியால் மூடி வெயிலிலும் வைக்கலாம்.

காய்கள் உலரும் நேரத்தில் மசாலாவைத் தயாரிக்கலாம். காய்ந்த மிளகாயை வெந்நீரில் ஊறவைத்து, விதைகளை உதறிவிடவும். அதனுடன் வெங்காயம், பூண்டு, இஞ்சி சேர்த்து விழுதாக அரைக்கவும். அரைக்கும்போது தண்ணீருக்குப் பதிலாக, அளந்து வைத்துள்ள வினிகரிலிருந்து இரண்டு மேசைக்கரண்டி எடுத்துச் சேர்த்துக் கொள்ளவும்.

அகலமான எவர்சில்வர் பாத்திரத்தில் எண்ணெயைச் சூடாக்கி, கடுகைப் போட்டு வெடிக்கவிடவும். பட்டை, கிராம்பு, அன்னாசிப்பூ சேர்த்து மணம் வந்ததும், அரைத்த விழுதையும் மஞ்சள் தூளையும் சேர்த்துச் சிறு தீயில் கிளறவும். பச்சை வாடை நீங்கி, எண்ணெய் பிரிந்து மேலே வரும்வரை பொறுமையாக வதக்க வேண்டும். அலுமினியம், செம்பு, பித்தளைப் பாத்திரங்களை இதற்குப் பயன்படுத்தக்கூடாது. வினிகரின் அமிலம் அந்த உலோகங்களோடு வினைபுரிந்து உணவில் கலந்துவிடும்.

இப்போது மீதமுள்ள வினிகர், சீனி, ஒரு தேக்கரண்டி உப்பு ஆகியவற்றைச் சேர்த்துக் கொதிக்கவிடவும். கொதிக்கும் வினிகரின் ஆவி கண்ணையும் மூக்கையும் எரிக்கும் என்பதால், சமையலறைச் சன்னலைத் திறந்து வைத்துக் கொள்ள வேண்டும்; பாத்திரத்தின்மேல் முகத்தைக் கொண்டுபோய்ப் பார்க்கக்கூடாது. சீனி கரைந்ததும் அன்னாசித் துண்டுகளைச் சேர்த்து, இரண்டு நிமிடம் கழித்து அடுப்பை அணைக்கவும். சூடு ஓரளவு தணிந்ததும், உலர்ந்த காய்களைக் கொட்டிக் கிளறவும். மஞ்சளும் சிவப்பும் கலந்த மசாலா, ஒவ்வொரு துண்டின்மீதும் படிய வேண்டும்.

அச்சார் இப்போதே உண்ணத் தக்கதுதான். ஆனால், சுவை இன்னும் கூடவில்லை. காய் வேறாகவும் மசாலா வேறாகவும் நாக்கில் படும். ஓரிரு நாள் ஊறிய பிறகுதான் புளிப்பும் இனிப்பும் காயின் உள்ளே இறங்கும். நிலக்கடலையையும் எள்ளையும் இப்போதே சேர்க்க வேண்டாம். அவை ஊறினால் பதத்துப் போய்விடும். ஆகவே, பரிமாறும்போது தேவையான அளவு தூவிக் கொள்வதே நல்லது. நிலக்கடலையோ எள்ளோ ஒவ்வாதவர்கள் விருந்தினரில் இருக்கலாம் என்பதால், அவற்றைத் தனிக் கிண்ணத்தில் வைப்பது இன்னும் நல்லது.

போத்தலில் அடைத்தல்

எவ்வளவு கவனமாகச் சமைத்தாலும் போத்தல் தூய்மையாக இல்லாவிட்டால் உழைப்பு வீணாகும். அகன்ற வாயுடைய கண்ணாடிப் போத்தல்களே அச்சாருக்கு ஏற்றவை. போத்தல்களைச் சவர்க்காரமிட்டுக் கழுவி, பெரிய பானையில் தண்ணீருக்குள் மூழ்கும்படி வைத்து, தண்ணீர் கொதிக்கத் தொடங்கியதிலிருந்து பத்து நிமிடம் கொதிக்கவிட வேண்டும். பின்னர், பெரியவர்களின் துணையோடு இடுக்கியால் எடுத்துத் தூய துணிமேல் கவிழ்த்து, ஒரு சொட்டு ஈரமும் இல்லாமல் உலரவிட வேண்டும். கொதிக்கும் நீரிலிருந்து எடுத்த போத்தலைக் குளிர்ந்த கல்மேடையில் வைத்தால் கண்ணாடி விரிசல் விடலாம். உலோக மூடிகள் வினிகர் பட்டுத் துருப்பிடிக்கும் என்பதால், பிளாஸ்டிக் அல்லது கண்ணாடி மூடிகளைத் தேர்ந்தெடுப்பது நல்லது.

காய்கள் சாற்றுக்குள் அமிழ்ந்திருக்கும்படி அடைத்து, மூடியை இறுக்கி, செய்த நாளைத் தாளில் எழுதி ஒட்டவும். அச்சாரைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, இரண்டு மூன்று வாரங்களுக்குள் உண்டு முடிப்பது பாதுகாப்பானது. எடுக்கும் ஒவ்வொரு முறையும் உலர்ந்த, தூய்மையான கரண்டியையே பயன்படுத்த வேண்டும். சோற்றில் தொட்ட கரண்டியைப் போத்தலுக்குள் விட்டால், நுண்ணுயிர்களுக்கு நாமே வழிகாட்டுகிறோம் என்று பொருள்.

போத்தலைத் திறக்கும்போது பூஞ்சணம், நுரை, வழவழப்பு, வழக்கத்திற்கு மாறான வாடை ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று தென்பட்டால், அச்சாரைச் சுவைத்துப் பார்க்கவே கூடாது. “மேலே இருப்பதை மட்டும் எடுத்து எறிந்துவிட்டால் போதாதா?” என்று சிலர் கேட்பதுண்டு. போதாது. கண்ணுக்குத் தெரியும் பூஞ்சணத்தின் நுண்ணிழைகள் கண்ணுக்குத் தெரியாமல் உள்ளேயும் ஊடுருவியிருக்கலாம். சில வகைப் பூஞ்சணங்கள் அமிலத்தையே உணவாக்கி, அதன் அளவைக் குறைத்துவிடும். அப்போது வேறு பாக்தீரியாக்களும் வளர வழி பிறக்கும். முழுவதையும் கொட்டிவிடுவதே அறிவுடைமை.

எதை மாற்றலாம்? எதை மாற்றக்கூடாது?

காரம் பிடிக்காதவர்கள் மிளகாயைக் குறைக்கலாம். வெள்ளரிக்குப் பதிலாக முட்டைக்கோஸ், பூக்கோசு, பயற்றங்காய் ஆகியவற்றைச் சேர்க்கலாம். பட்டை, கிராம்பு போன்றவற்றை விருப்பத்திற்கேற்பக் கூட்டலாம், குறைக்கலாம். நோன்யா சுவை வேண்டுவோர் மசாலாவுடன் லெங்குவாஸ், செராய் போன்றவற்றையும் அரைத்துச் சேர்க்கலாம். காய்களின் மொத்த எடை மட்டும் கூடக்கூடாது. காய் கூடினால், அதற்கேற்ப வினிகரும் கூட வேண்டும்.

சீனியைக் கால் பங்கு குறைக்கலாம். வினிகர் குறையாதவரை, குளிர்பதனப் பெட்டியில் உள்ள அச்சாருக்கு அதனால் பெரிய தீங்கு நேராது. புளிப்பு மட்டும் சற்றுத் தூக்கலாக இருக்கும். சீனிக்குப் பதிலாக வெல்லமோ தேங்காய்ச் சீனியோ பேரீச்சம்பழமோ சேர்த்தால் நீரிழிவு நோயாளிக்கு நல்லது என்று சிலர் நினைக்கின்றனர். அவற்றின் சுவையும் மணமும் வேறு என்பது உண்மை. ஆனால், அவையும் இரத்தத்தில் சர்க்கரையின் அளவை உயர்த்தக்கூடியவையே.

அப்படியானால், அப்பா அச்சாரே உண்ணக்கூடாதா? கணக்கிட்டுப் பார்ப்போம். ஒன்றரைக் கிலோ அச்சாரில் 200 கிராம் சீனி சேர்த்திருக்கிறோம். ஒரு மேசைக்கரண்டி அச்சார் 20 கிராம் இருக்கும் என்று கொண்டால், அதில் நாம் சேர்த்த சீனி 3 கிராமுக்கும் சற்றுக் குறைவு. அது ஒரு தேக்கரண்டிச் சீனியைவிடக் குறைந்த அளவே. அன்னாசியின் இயற்கையான இனிப்பு இதனுடன் சேரும். மருத்துவரின் ஆலோசனைப்படி உண்ணும் ஒருவர், விருந்து நாளன்று ஒரு கரண்டியோடு நிறுத்திக்கொள்ளலாம். உப்புக்கும் இது பொருந்தும். பெரியவர் ஒருவர் ஒரு நாளில் உண்ணும் உப்பு 5 கிராமுக்கும் குறைவாக இருக்க வேண்டும் என உலகச் சுகாதார நிறுவனம் பரிந்துரைக்கிறது. ஊறுகாய் என்பது இலையின் ஓரத்தில் வைக்கும் உணவு. அது ஓரத்திலேயே இருக்கும்வரை உடலுக்குச் சுமையாகாது.

ஆகவே, மாற்ற வேண்டியது போத்தலில் உள்ள வினிகரின் அளவையன்று. தட்டில் வைக்கும் அச்சாரின் அளவையே.

கைப்பக்குவமும் குறிப்பேடும்

பாட்டியிடம் அளவு கேட்டால், “ஒரு கை சீனி போடு, காய் முங்குற அளவுக்கு வினிகர் ஊத்து, தண்ணி மட்டும் படவே கூடாது” என்றுதான் சொல்வார். பி.எச். அளவும் சவ்வூடு பரவலும் அவர் அறியாதவை. ஆனால், காய் மூழ்கும் அளவுக்கு வினிகர் வேண்டும் என்பதையும், தண்ணீர் படக்கூடாது என்பதையும் பல ஆண்டுப் பழக்கத்தில் அவர் அறிந்திருந்தார். அவர் சொன்ன அந்த இரண்டு வரிகளுக்குள் அச்சாரின் அறிவியல் முழுவதும் அடங்கியிருந்தது. காரணம் மட்டும் சொல்லப்படவில்லை. காரணம் தெரியாததால்தான், அடுத்த தலைமுறையில் தண்ணீர் உள்ளே வந்தது.

உங்கள் வீட்டிலும் இத்தகைய கைப்பக்குவம் யாரிடமாவது இருக்கும். அடுத்த முறை அவர் அச்சாரோ ஊறுகாயோ செய்யும்போது அருகில் நில்லுங்கள். அவர் கையால் அள்ளுவதைப் பாத்திரத்தில் போடும் முன் தராசில் நிறுத்து எழுதிக் கொள்ளுங்கள். எவ்வளவு என்று கேட்பதோடு நிறுத்திவிடாமல், ஏன் என்றும் கேளுங்கள். அவருக்குத் தெரியாத காரணத்தை உங்கள் அறிவியல் பாடத்திலிருந்து நீங்களே எடுத்துச் சொல்லலாம்.

அந்த வீட்டு அம்மாவும் மறு ஆண்டு அப்படித்தான் செய்தார். மூன்று பெரிய போத்தல்களுக்குப் பதிலாக இரண்டு சிறிய போத்தல்கள். வினிகர் பாட்டி சொன்ன அளவு. சீனி சற்றுக் குறைவு. இடம் குளிர்பதனப் பெட்டி. தீபாவளியன்று அப்பாவின் இலையில் ஒரே ஒரு கரண்டி அச்சார் வைக்கப்பட்டது. “கொஞ்சம் புளிப்புத்தான்” என்றார் அவர். ஆனாலும், இலையில் ஒரு துண்டும் மிஞ்சவில்லை.